ஸீட் பெல்ட்டுக்குள்ளே ஒரு ஒத்தை வெடி!

தீபாவளிக்கு வாங்கிய வெடி ஒன்றை இடுப்பில் செருகிக்கொண்டு ஆபீஸுக்குப் போவீர்களா? 'எனக்கென்ன பைத்தியமா?' என்று முறைக்கிறீர்கள். கோபப்படாதீர்கள் ஸார்... உங்களிடம் கார் இருக்கிறதென்றால், அநேகமாக தினமும் அப்படித்தான் போய்க்கொண்டிருக்கிறீர்கள்!

உங்கள் கதவுக்குப் பின்னால், முன் ஸீட்டுக்கும் பின் ஸீட்டுக்கும் நடுவே ஒரு தூண் இருக்கிறதே (மெக்கானிக் பாஷையில் 'பி பில்லர்'), அதன் அடிப்பகுதியில், பிளாஸ்டிக் மூடிக்குப் பின்னால் ஒரு டப்பா ஒளிந்திருக்கிறது. ஸீட் பெல்ட்டைச் சுருட்டி வைத்துக்கொள்கிற டப்பா. பெயர் ரிட்ராக்டர். அதன் ஓரத்தில் சுண்டு விரல் அளவுக்கு ஒரு சின்ன உலோகக் குப்பி. குப்பிக்குள்ளே மருந்து. இருமல் மருந்து இல்லை... வெடி மருந்து! இந்தச் சமாசாரத்துக்குத்தான் 'ப்ரீடென்ஷனர்' என்று பெயர். நாம் செல்லமாக 'டென்ஷனர்' என்றே வைத்துக்கொள்வோம். பெயரில்தான் டென்ஷன். அது வேலை செய்தால் உங்கள் வீட்டில் டென்ஷன் இல்லை.

அந்த டென்ஷனரைப் பற்றி ஒரே ஒரு விஷயம் மனதில் நிற்க வேண்டும். அது ஆயுளில் ஒரே ஒரு தடவைதான் வேலை செய்யும். அந்த ஒரு தடவை அது தவறாமல் வேலை செய்ய வேண்டுமென்றால், மற்ற நாளெல்லாம் அதை யாரும் நோண்டாமல் இருக்க வேண்டும். 'நானே கழட்டிப் பார்க்கிறேனே' என்று ஞாயிற்றுக்கிழமை ஸ்பேனரோடு கிளம்புகிறவர்களுக்கும், 'ரோட்டோரத்துல நம்ம ஆள் ஒருத்தர் இருக்காரு, அரை மணி நேரத்துல முடிச்சுடுவாரு' என்கிறவர்களுக்கும்தான் இந்தக் கட்டுரை.

பூட்டு வேறு, டென்ஷனர் வேறு!

பெல்ட்டை வெடுக்கென்று இழுத்தால் நின்றுவிடுகிறதே, அதுதானே டென்ஷனர்? என்று பல பேர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். இல்லை. அது வெறும் பூட்டு. ரிட்ராக்டருக்குள் ஒரு சின்ன உருண்டையோ, ஊசலோ இருக்கும். கார் சடாரென்று வேகம் குறைந்தால் அது நகர்ந்து பூட்டைத் தட்டிவிடும். பெல்ட் வேகமாக இழுக்கப்பட்டாலும் பூட்டிக்கொள்ளும். இதற்கு கரண்டும் வேண்டாம், மருந்தும் வேண்டாம். ஆயிரம் தடவை பூட்டும், ஆயிரம் தடவை திறக்கும்.

மூன்று இடத்தில் பிடித்துக்கொள்ளும் இன்றைய ஸீட் பெல்ட்டை 1959-ல் வால்வோ கார்களுக்காகக் கொடுத்தவர் நில்ஸ் போலின் என்ற ஸ்வீடன்காரர். அதற்கு முன்னால் அவருக்கு என்ன வேலை தெரியுமா? ஸாப் கம்பெனியில், போர் விமானத்திலிருந்து பைலட்டைத் தூக்கி வெளியே எறிகிற ஸீட்டுகளை டிஸைன் செய்வது! ஆளை வெளியே எறிவதில் நிபுணராக இருந்தவர்தான் ஆளை உள்ளேயே பிடித்து வைக்கவும் வழி சொன்னார். அந்தக் கண்டுபிடிப்பை மற்ற கம்பெனிகளும் பயன்படுத்திக்கொள்ளட்டும் என்று வால்வோ திறந்துவிட்டது.

ஆனால் பெல்ட்டில் ஒரு குறை. நாம் யாரும் அதைத் தோலோடு ஒட்டிப் போடுவதில்லை. சட்டை, தொப்பை, சாய்ந்து உட்காருகிற வழக்கம் எல்லாம் சேர்ந்து உடம்புக்கும் பெல்ட்டுக்கும் நடுவில் கொஞ்சம் தொளதொளப்பு இருக்கும். சாதாரண நாளில் அது சுகம். மோதுகிற நாளில் அது வில்லன்.

கணக்குப் போட்டுப் பார்க்கலாம். மணிக்கு 50 கிலோமீட்டர் வேகம் என்பது விநாடிக்குச் சுமார் 14 மீட்டர். அந்த வேகத்தில் சுவரில் மோதுவதும், பத்து மீட்டர் உயரத்திலிருந்து, அதாவது ஏறத்தாழ மூன்றாவது மாடியிலிருந்து, கீழே விழுவதும் ஒன்று. மோதியதும் கார் நிற்க ஆரம்பித்துவிடும். நீங்கள் நிற்க மாட்டீர்கள். தொளதொளப்பு தீரும்வரை அதே 50 கிலோமீட்டர் வேகத்தில் முன்னால் போய்க்கொண்டிருப்பீர்கள். பிறகு பெல்ட் உங்களை மொத்தமாக ஒரே இழுப்பாக இழுத்து நிறுத்தும். நெஞ்செலும்புக்கு அது நல்லதில்லை.

இங்கேதான் நம்ம ஆள் என்ட்ரி! மோதல் என்று தெரிந்ததும் மருந்து பற்றிக்கொள்ளும். அந்த வாயு ஒரு பிஸ்டனையோ, வரிசையாக நிற்கிற குட்டி உருண்டைகளையோ தள்ளும். அது பெல்ட் சுற்றியிருக்கிற உருளையைப் பின்பக்கமாகச் சுழற்றும். தொளதொளவென்று கிடந்த பெல்ட், 'உட்காருப்பா ஒழுங்கா' என்று உங்களை ஸீட்டோடு சேர்த்து இழுத்துக்கொள்ளும். சில கார்களில் பெல்ட் செருகுகிற கொக்கியையே (பக்கிள்) சில சென்டிமீட்டர் கீழே இழுக்கிற டென்ஷனரும் உண்டு. எல்லாம் நீங்கள் கண்ணை ஒரு தடவை சிமிட்டி முடிப்பதற்குள்! அதற்குப் பிறகு, நெஞ்சில் அழுத்தம் அளவுக்கு மீறாமல் இருக்க, பெல்ட்டைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக்கொடுக்கிற ஏற்பாடும் பல ரிட்ராக்டர்களில் உண்டு.

1981-ல் மெர்ஸிடிஸ் பென்ஸின் எஸ்-கிளாஸ் காரில் ஏர்பேக்கோடு ஜோடி சேர்ந்து வந்தது இந்த ஐடியா. பணக்காரர் வீட்டுப் பிள்ளையாகப் பிறந்து, இன்றைக்கு ஈ.எம்.ஐ. கட்டி வாங்குகிற சின்னக் கார் வரைக்கும் வந்துவிட்டது.

('மோட்டார் வைத்து இழுக்கிற டென்ஷனரும் இருக்கிறதாமே' என்கிற விஷயம் தெரிந்த வாசகருக்கு: ஆமாம், 2002-ல் அதே எஸ்-கிளாஸில் வந்தது. அது திரும்பத் திரும்ப வேலை செய்யும். ஆனால் சாமானியக் காரில் இருப்பது அநேகமாக ஒத்தை வெடிதான்.)

பேட்டரியைக் கழட்டியாச்சு... அப்புறம் என்ன பயம்?

பயம் அங்கேதான் இருக்கிறது. மருந்துக்குத் திரி கிடையாது. தலைமுடி மாதிரி ஒரு மெல்லிய கம்பி. சொற்ப மின்சாரம் பாய்ந்தால் போதும், கம்பி சூடாகி மருந்து பற்றிக்கொள்ளும். அந்த மின்சாரத்தை அனுப்புவது ஏர்பேக்குக்கும் டென்ஷனருக்கும் பொதுவான கண்ட்ரோல் யூனிட்.

பெரிய விபத்தில் முதலில் நசுங்குவது பானெட். பேட்டரி இருப்பதும் பெரும்பாலும் அங்கேதான். பேட்டரியே பிய்த்துக்கொண்டு போனாலும் ஏர்பேக்கும் டென்ஷனரும் வேலை செய்ய வேண்டாமா? அதற்காக கண்ட்ரோல் யூனிட்டுக்குள் ஒரு கெபாஸிடரில் கொஞ்சம் கரண்ட்டைச் சேமித்து வைத்திருப்பார்கள். கல்யாண வீட்டில் ஜெனரேட்டர் வைத்திருப்பது மாதிரி. ஆகவே நீங்கள் பேட்டரி ஒயரைக் கழற்றிய அடுத்த நொடியும் அது உயிரோடுதான் இருக்கிறது. அந்தக் கரண்ட் வடியும்வரை காத்திருக்க வேண்டும். எவ்வளவு நேரம் என்று கம்பெனியின் ஸர்வீஸ் புத்தகத்தில் போட்டிருக்கும். ஒரு கம்பெனி ஒன்றரை நிமிஷம் என்கும், இன்னொன்று மூன்று நிமிஷம் என்கும், வேறொன்று இன்னும் அதிகம் சொல்லும். புத்தகம் சொல்கிற நேரம்தான் நேரம். 'போதும்ணே' என்று பையன் சொல்கிற நேரம் இல்லை. அந்த நேரத்தில் ஒரு டீ குடித்துவிட்டு வந்தால் யாருக்கும் நஷ்டமில்லை.

* * *

"ஏம்ப்பா மெக்கானிக், ஏர்பேக் லைட்டு எரிஞ்சுக்கிட்டே இருக்குன்னு வண்டிய விட்டுட்டுப் போனேனே... சரி பண்ணிட்டியா?"

"பண்ணிட்டேன் ஸார்... பல்பைக் கழட்டிட்டேன்!"

* * *

நீங்கள் செய்யலாம்... தாராளமாக!

டென்ஷனரைத் தொட வேண்டாம் என்றால் பெல்ட்டையே தொட வேண்டாம் என்று அர்த்தமில்லை. வீட்டிலேயே செய்யக்கூடிய காரியங்கள் இருக்கின்றன. பல சமயம் 'பெல்ட் ரிப்பேர்' என்று நாம் நினைப்பது இதிலேயே சரியாகிவிடும்.

பெல்ட் உள்ளே போக மறுக்கிறதா? முக்கால்வாசி கேஸில் குற்றவாளி அழுக்கு. தோளுக்கு மேலே பெல்ட் நுழைந்து வருகிற வளையத்தைப் பாருங்கள். வருஷக்கணக்கில் சேர்ந்த வியர்வையும் எண்ணெய்ப் பிசுக்கும் கறுப்பாகப் படிந்திருக்கும். மிதமான சோப்புத் தண்ணீரில் துணியை நனைத்து, பிழிந்து, துடையுங்கள். பெல்ட்டை முழுசாக வெளியே இழுத்து, கொடியில் துணி காயப்போடுகிற கிளிப்பை மாட்டி, உள்ளே ஓடாமல் நிறுத்திவிட்டு, அதையும் அதே மாதிரி துடையுங்கள். நிழலில் நன்றாகக் காய்ந்த பிறகுதான் உள்ளே விட வேண்டும். ஈரத்தோடு விட்டால் பூஞ்சை பிடித்து, காரில் ஏறினாலே மழைக்கால ஹாஸ்டல் வாடை அடிக்கும்!

பெட்ரோல், தின்னர், ப்ளீச்சிங் பவுடர், சாயம் எதுவும் கூடாது. பெல்ட்டின் நூல் பலம் போய்விடும். 'வழுக்கிக்கிட்டுப் போகட்டும்' என்று எண்ணெய், கிரீஸ், துரு நீக்கும் ஸ்ப்ரே எதையும் ரிட்ராக்டருக்குள் அடிக்கக்கூடாது. ஓரத்தில் நூல் பிரிந்திருந்தால் டெய்லர் கடைக்கு எடுத்துக்கொண்டு ஓடாதீர்கள். அது பேன்ட் இல்லை. பிரிந்த பெல்ட் என்றால் மாற்ற வேண்டிய பெல்ட்.

கொக்கிக்குள் பிஸ்கட் தூள், சில்லறைக் காசு, குழந்தை கொட்டிய கூல்ட்ரிங்ஸ்... எல்லாம் குடியிருக்கும். வாக்குவம் க்ளீனரால் உறிஞ்சுங்கள். தண்ணீர் ஊற்றாதீர்கள். 'பெல்ட் போட்டிருக்கிறாரா' என்று காருக்குச் சொல்கிற ஸ்விட்ச் அதற்குள்தான் இருக்கிறது.

ஸீட்டுக்கு அடியில் குனிந்தால் மஞ்சள் நிறத்தில் ஒயரும் கனெக்டரும் தென்படலாம். மஞ்சள் என்றால் மங்களம் என்பது கல்யாணப் பத்திரிகையில். காரில் மஞ்சள் என்றால் 'கை வைக்காதே'! ஏர்பேக், டென்ஷனர் சம்பந்தப்பட்ட ஒயர்களுக்குப் பெரும்பாலும் அந்த நிறத்தைத்தான் கொடுப்பார்கள். ஸீட் கவர் மாட்டுகிறவரும், ஸ்பீக்கர் ஒயர் இழுக்கிறவரும் அதைப் பிடித்து இழுத்துவிட்டுப் போய், மறுநாள் ஏர்பேக் லைட் எரிகிற கதை ஊரெல்லாம் நடக்கிறது. லைட் எரிந்தால், இக்னிஷனைப் போட்டபடியே அந்தக் கனெக்டரை நீங்களே கழற்றி மாட்டிப் பார்க்காதீர்கள்.

இனி மெக்கானிக் வேலை... நீங்கள் கூட நின்று பாருங்கள்!

டென்ஷனரைக் கழற்றுவதோ, மாற்றுவதோ பயிற்சி பெற்ற மெக்கானிக்கின் வேலை. பின்னே இதை ஏன் உங்களுக்குச் சொல்கிறேன்? காசு கொடுப்பவர் நீங்கள். அந்த பெல்ட்டில் நாளைக்கு உட்காரப் போகிறவரும் நீங்கள். சரியான ஆளிடம்தான் வண்டியை விட்டிருக்கிறோமா என்று தெரிய வேண்டாமா?

முதலில் இக்னிஷனை ஆஃப் செய்து, பேட்டரியின் மைனஸ் டெர்மினலைக் கழற்றி, அது திரும்பத் தொட்டுக்கொள்ளாமல் ஓரமாக ஒதுக்குவார். புத்தகத்தில் சொன்ன நேரம் காத்திருப்பார். கனெக்டரில் கை வைக்கும் முன் காரின் இரும்பு பாகத்தை ஒரு தடவை தொடுவார். அது சாமி கும்பிடுவதில்லை. உடம்பில் இருக்கிற நிலை மின்சாரத்தை இறக்கிவிடுவது. நைலான் சட்டையும் ஸீட் துணியும் உரசினால் 'சுரீர்' என்று ஷாக் அடிக்குமே, அதுதான்.

மஞ்சள் கனெக்டரின் பூட்டை நிமிர்த்திப் பிறகு கழற்றுவார், ஒயரைப் பிடித்து இழுக்க மாட்டார். பிரித்ததும் இரண்டு முனைகளையும் தானாக ஒன்றாக இணைத்துவிடுகிற ஒரு குட்டித் தகடு பெரும்பாலான கனெக்டர்களுக்குள் இருக்கிறது. வழிதவறி வரும் மின்சாரம் மருந்தைத் தொடாமலிருக்க அப்படி ஓர் ஏற்பாடு. ஒயரை வெட்டி, முறுக்கி, இன்சுலேஷன் டேப் சுற்றினால் அந்தக் காவல்காரனுக்கு வேலை போய்விடும்.

அடுத்தது முக்கியம். கையில் மல்டிமீட்டரோ, டெஸ்ட் லாம்ப்போ எடுத்து டென்ஷனரின் முனையில் வைத்து 'செக்' பண்ண ஆரம்பித்தால், உடனே 'நிறுத்துங்க' என்று சொல்லுங்கள். ஓம் அளக்கும் மீட்டர் தன் பேட்டரியிலிருந்து கொஞ்சம் கரண்ட்டை அனுப்பித்தான் அளக்கும். 'இருக்கா, இல்லையா' என்று பார்க்கப் போய் வெடித்தே விடலாம். தீக்குச்சி நல்லதா என்று உரசிப் பார்க்கிற கதை! சரியான வழி, டென்ஷனரைப் பிரித்துவிட்டு அதன் இடத்தில் புத்தகம் சொல்கிற டெஸ்ட் ரெஸிஸ்டரை மாட்டி, ஸ்கேனர் கம்ப்யூட்டரில் கோளாறு எங்கே என்று பார்ப்பது. வேலை முடிந்ததும் அந்த ரெஸிஸ்டர் வெளியே வந்துவிட வேண்டும். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கொஞ்ச நேரத்தில் திரும்ப வரப் போகிறது.

கழற்றிய டென்ஷனரை மெக்கானிக் மடியில் வைத்துக் கொஞ்சக்கூடாது. குழாய் முனை தன் பக்கமோ அடுத்தவர் பக்கமோ திரும்பாமல் பிடிக்க வேண்டும். வெயிலிலோ, வெல்டிங் பொறி பறக்கிற இடத்திலோ வைக்கக்கூடாது. சுத்தியால் தட்டக்கூடாது, துளை போடக்கூடாது, டப்பாவைத் திறக்கவே கூடாது. உள்ளே பெல்ட்டைச் சுருட்டுகிற சுருள் ஸ்பிரிங் வேறு முறுக்கேறி உட்கார்ந்திருக்கிறது. மருந்து சும்மா இருந்தாலும் அது முகத்தில் பாயும். கை தவறிக் கீழே விழுந்த டென்ஷனரைத் துடைத்துவிட்டு மாட்டவும் கூடாது.

கையில் எடுத்துப் பார்க்கும்போது பெல்ட் வெளியே வராமல் அடம் பிடிக்கும். 'ஐயோ, போச்சு!' என்று பதறாதீர்கள். அந்தப் பூட்டு உருண்டை, டப்பா நிமிர்ந்து நின்றால்தான் ஒழுங்காக இருக்கும். சாய்த்தால் பூட்டிக்கொள்வது அதன் சுபாவம். காரில் நேராகப் பொருத்தியதும் சரியாகிவிடும்.

புதுசு போடும்போது உங்கள் காருக்கான அதே பார்ட் நம்பர்தானா என்று பாருங்கள். போல்ட்டை 'கை பலத்துக்கு' முடுக்காமல், டார்க் ரெஞ்ச் வைத்து, புத்தகம் சொன்ன அளவுக்கு முடுக்குகிறாரா என்று பாருங்கள். பெல்ட் முறுக்கிக்கொள்ளாமல் வர வேண்டும். எல்லாக் கனெக்டரையும் மாட்டிய பிறகு, கடைசியில்தான் பேட்டரி. முதல் தடவை இக்னிஷனைப் போடும்போது ஸீட்டுகளில் யாரும் உட்கார்ந்திருக்க வேண்டாம். வெளியே நின்றபடி கையை நீட்டிப் போட்டால் போதும்.

இன்னொன்று. பெல்ட்டுக்கு ஒரு வேலையும் இல்லாதபோதும் ஆபத்து வரும். டிங்கரிங்குக்கு வண்டியை விடுகிறீர்கள். அந்தத் தூணுக்குப் பக்கத்தில் வெல்டிங் வைக்கப் போகிறார்கள். 'பேட்டரியைக் கழட்டிட்டு, ரிட்ராக்டரை வெளியே எடுத்துட்டு வெல்டு பண்ணுங்கண்ணே' என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். மழை வெள்ளமும் அப்படித்தான். சென்னையில் 2015 டிசம்பரிலும், 2023 டிசம்பர் மிக்ஜாம் புயலிலும் ஸீட் வரைக்கும் தண்ணீரில் நின்ற கார்கள் எத்தனை! ஸீட்டுக்கு அடியில் இருக்கிற கனெக்டர்களுக்குள்ளும் தண்ணீர் போயிருக்கும். அப்படிப்பட்ட காரை இழுத்துக்கொண்டு போய்த்தான் பார்க்க வேண்டும். சாவியைப் போட்டு முறுக்கிப் பார்க்கக்கூடாது.

வெடித்த பிறகு?

கதை முடிந்தது! வெடித்த டென்ஷனரை ரிப்பேர் செய்ய முடியாது. வெடித்த பட்டாசுக்கு மறுபடி திரி வைப்பீர்களா? கார் கம்பெனிகளின் ஸர்வீஸ் புத்தகங்கள் மாற்றச் சொல்கின்றனவே தவிர, ரிப்பேர் செய்யச் சொல்வதில்லை. மோதலில் உடம்பைத் தாங்கிப் பிடித்த பெல்ட்டையும், டென்ஷனர் வெடிக்காவிட்டாலும், மாற்றிவிட வேண்டும். அதன் நூல் ஒரு தடவை இழுபட்டுவிட்டது. பல கார்களில் கண்ட்ரோல் யூனிட்டையும் சேர்த்து மாற்ற வேண்டியிருக்கும்.

வெடித்த கையோடு தொட்டால் சுடும். ஆறவிட்டு, கையுறையும் கண்ணாடியும் போட்டுக்கொண்டு எடுத்து, வேலை முடிந்ததும் கையைச் சோப்புப் போட்டுக் கழுவ வேண்டும். வெடிக்காத பழசை அப்படியே காயலான் கடையில் எடைக்குப் போடுவது பாவம். அதை வெட்டப்போகிற, உருக்கப்போகிற தொழிலாளிக்கு உள்ளே மருந்து இருப்பது எப்படித் தெரியும்? பாதுகாப்பாக வெடிக்க வைத்த பிறகே குப்பைக்குப் போக வேண்டும் என்பது முறை. அதை ஸர்வீஸ் சென்டரிடமே விட்டுவிடுங்கள்.

'புதுப்பேட்டையில செகண்ட்ஹேண்ட் கிடைக்குமே!' கதவுக் கைப்பிடி வாங்குங்கள், கண்ணாடி வாங்குங்கள். இதை மட்டும் வேண்டாம். அது எந்த வண்டியில் இருந்தது, எத்தனை மோதல் பார்த்தது, எத்தனை நாள் தண்ணீரில் ஊறியது என்று அதன் முகத்தில் எழுதியிருக்காது.

செகண்ட்ஹேண்ட் கார் வாங்குகிறவருக்கு ஆறு விநாடி

முதல் சம்பளம், முதல் கார் என்று கிளம்புகிற தம்பிமார்கள் இதை மட்டுமாவது படியுங்கள். அடிபட்ட காரை டிங்கரிங், பெயிண்ட் எல்லாம் செய்து பளபளவென்று நிறுத்திவிடலாம். புது டென்ஷனருக்குச் செலவாகும் என்பதால், பழசை அப்படியே விட்டுவிட்டு, கனெக்டரில் அந்த ரெஸிஸ்டரைச் சொருகி, 'எல்லாம் நல்லா இருக்கு' என்று கம்ப்யூட்டரையே ஏமாற்றுகிற புண்ணியவான்களும் உண்டு. ரெஸிஸ்டர் சில ரூபாய். ஏமாந்தால் போவது உங்கள் உயிர்.

ஓட்டிப் பார்ப்பதற்கு முன் இதைச் செய்யுங்கள். இக்னிஷனைப் போட்டதும் டேஷ்போர்டில் ஏர்பேக் விளக்கு எரிய வேண்டும். சில விநாடிகளில், பல கார்களில் ஆறு விநாடி போல, தானாக அணைய வேண்டும். அணையாவிட்டால் கோளாறு. எரியவே இல்லையென்றால் அதைவிடப் பெரிய கோளாறு. மேலே படித்த ஜோக்கை யாரோ நிஜமாகவே செய்திருக்கிறார்கள் என்று அர்த்தம்!

பிறகு பெல்ட்டைக் கடைசி வரை இழுங்கள். தோள் வளையம் படுகிற இடத்தில் உருகின மாதிரி கோடு, அலை அலையாகச் சுருக்கம் இருக்கிறதா? கீழே தைத்திருக்கிற லேபிளில் தயாரித்த வருஷம் காரின் வருஷத்தோடு ஒத்துப்போகிறதா? ஒரே காரில் ஒரு பெல்ட் மட்டும் புதுசு என்றால், 'ஏன்?' என்று கேளுங்கள், பில் கேளுங்கள். இரண்டு முன் ஸீட் கொக்கிகளும் ஒரே உயரத்தில் நிற்கின்றனவா? ஒன்று மட்டும் கீழே அமுங்கியிருந்தால், அது ஏற்கெனவே வெடித்ததாக இருக்கலாம். பெல்ட் விட்டதும் ஒழுங்காகச் சுருள்கிறதா, வெடுக்கென்று இழுத்தால் பூட்டுகிறதா? எல்லாம் சேர்த்து ஐந்து நிமிஷம். ரெஸிஸ்டர் மோசடி கண்ணில் படாது. அதனால் அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன், அந்தப் பிளாஸ்டிக் மூடியைக் கழற்றி ஒரு நல்ல மெக்கானிக்கைப் பார்க்கச் சொல்லுங்கள்.

* * *

"மாப்பிள்ளைக்கு கார் கம்பெனியிலதானே வேலை? பொண்ணு வீட்டுல ஏன் வேணாம்னுட்டாங்க?"

"போட்டோவுல பார்த்த ஆளு வேற, நேர்ல வந்த ஆளு வேற... 'ரீகால்' பண்ணிட்டாங்க!"

* * *

கம்பெனியே தடுமாறும்போது...

ரீகால் என்றதும் ஞாபகம் வருகிறது. 2018 செப்டம்பரில் ஃபோர்டு கம்பெனி வட அமெரிக்காவில் சுமார் 20 லட்சம் எஃப்-150 பிக்கப் வண்டிகளைத் திரும்ப அழைத்தது. காரணம் இதே டென்ஷனர்தான். வெடிக்கும்போது தெறிக்கிற அதிகப்படி பொறி, தூணுக்குள் இருக்கிற பஞ்சில் பற்றிக்கொள்ளலாம் என்று தெரியவந்தது. அமெரிக்காவில் 17, கனடாவில் 6 என்று புகை அல்லது தீப் புகார்கள் வந்திருந்தன.

இது ஒரு பக்கம். 2023 ஜனவரியில் நம் ஊரில் மாருதி ஸுஸுகி 17,362 கார்களைத் திரும்ப அழைத்தது. ஏர்பேக் கண்ட்ரோலரில் குறை இருக்கலாம், அபூர்வமாகச் சில கேஸில் மோதலின்போது ஏர்பேக்கும் டென்ஷனரும் வேலை செய்யாமல் போகலாம் என்பது காரணம். அங்கே வெடித்ததில் பிரச்னை, இங்கே வெடிக்காமல் போகுமோ என்று பிரச்னை!

யோசித்துப் பாருங்கள். பெரிய பெரிய லேபரட்டரி, இன்ஜினீயர் பட்டாளம் எல்லாம் வைத்துக்கொண்டு செய்கிறவர்களுக்கே இவ்வளவு சிக்கல். நாம் ப்ளேடால் ஒயரைச் சீவி, டேப் சுற்றி மாட்டினால் என்ன ஆகும்? ஆகவே கம்பெனியிலிருந்து 'ரீகால்' என்று மெஸேஜ் வந்தால், கிரெடிட் கார்டு விளம்பரம் என்று நினைத்து அழித்துவிடாதீர்கள். கம்பெனியின் வெப்ஸைட்டில் உங்கள் காரின் சேஸிஸ் நம்பரைப் போட்டும் பார்க்கலாம். குறையுள்ள பாகத்தைக் காசு வாங்காமல் மாற்றித் தருவதற்குத்தான் ரீகால்.

பெல்ட்டே போடாமல், 'டிங் டிங்' சத்தத்தை நிறுத்த ஒரு கிளிப்பைச் செருகி வைக்கிற மகானுபாவர்களுக்கு ஒரு வார்த்தை. அந்த மாதிரி கிளிப்களை விற்ற ஐந்து இணையக் கடைகள் மீது 2023-ல் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் உத்தரவு போட்டு, 13,118 விற்பனைப் பக்கங்கள் நீக்கப்பட்டன. சட்டப்படி பெல்ட் போடாவிட்டால் 1,000 ரூபாய் அபராதம். அதெல்லாம் போகட்டும். கிளிப்பைச் செருகியதும், 'ஐயா பெல்ட் போட்டுவிட்டார்' என்று கார் நம்பிவிடுகிறது. மோதும்போது டென்ஷனர் தன் ஆயுளின் ஒரே வெடியை வெடித்து, பெல்ட்டை இறுக்கமாக இழுக்கும்... காலி பெல்ட்டை! அணைத்துப் பிடிக்க உள்ளே ஆள் இருக்க வேண்டாமா ஸார்?

நாளைக்குக் காலையில் ஆபீஸுக்குக் கிளம்பும் அவசரத்தில், சாவியைப் போட்டதும் அந்த ஆறு விநாடி மட்டும் டேஷ்போர்டைப் பாருங்கள். விளக்கு எரிந்து அணைந்தால், பெல்ட்டை முறுக்கு இல்லாமல் இழுத்து, இடுப்பில் தாழ்வாகவும் தோளில் சரியாகவும் படும்படி போட்டுக்கொண்டு கிளம்புங்கள். விளக்கு அணையவில்லையென்றால்? எம்.டி. மீட்டிங்குக்கு அரை மணி லேட்டாகப் போனால் திட்டுதான் விழும். வண்டியை நேராக ஸர்வீஸ் சென்டருக்கு விடுங்கள்!